தூக்குக்கோல்காரரின் அரங்கு: அபூ கலீல் அல்-கப்பானியும் அரபு நாடகத்தின் தோற்றமும்

அரபு மொழியில் நாடகம் இல்லை. இஸ்லாம் அதனை வளரவிடவில்லை என்னும் கூற்று மேலைநாட்டு நூல்கள் பலவற்றில் நெடுங்காலமாக இடம்பெற்று வந்துள்ளது. இதனை மறுக்க முற்படும் நம்மவருள் சிலர், நாடகம் இல்லாமற்போனதே நமக்குப் பெருமை என்று எதிர்முனைக்குச் சென்றுவிடுவர். இவ்விரு சாராரும் ஒன்றில் மட்டும் உடன்படுகின்றனர். முஸ்லிம் நகரங்களில் நடிப்பும் அரங்கும் இருந்ததில்லை என்பதே அது. வரலாற்றைச் சற்றுப் பொறுமையுடன் புரட்டினால், அந்த அடிப்படையே ஆட்டங்காண்பதைக் காணலாம். பத்தொன்பதாம் நூற்றாண்டில் டமாஸ்கஸ் நகரில் வாழ்ந்த ஒரு வணிகக் கலைஞரின் வாழ்க்கை இதற்குத் தெளிவான சான்றாகும். அவரைப் பற்றிப் பேசுமுன், அவருக்கு முந்திய நிலையைச் சுருக்கமாக அறிதல் நலம்.

சொல் தேடிய அறிஞர்கள்

கிரேக்க மெய்யியலும் மருத்துவமும் கணிதமும் அரபு மொழிக்கு வந்த காலத்தில், அரிஸ்டாட்டிலின் கவிதையியலும் வந்தது. பக்தாதில் வாழ்ந்து 940இல் மறைந்த கிறித்தவ அறிஞர் அபூ பிஷ்ர் மத்தா பின் யூனுஸ் அதனைச் சிரியாக் மொழி வழியாக அரபாக்கினார். துன்பியல் நாடகம், இன்பியல் நாடகம் என்னும் இரு சொற்களுக்கு அவர் முறையே ‘மதீஹ்’ என்றும் ‘ஹிஜா’ என்றும் பெயரிட்டார். அதாவது புகழ்ப்பா, வசைப்பா. இரு நூற்றாண்டுகளுக்குப் பின் அந்நூலுக்கு விளக்கம் எழுதிய குர்துபாவின் இப்னு ருஷ்து (1126–1198) அவர்களும் இதே பொருளையே கைக்கொண்டு, அரபுக் கவிதையிலிருந்து சான்றுகளை எடுத்துக்காட்டினார்.

இதனை அறியாமை என்று நகைப்பவர் உளர். ஆயின் ஒன்றைக் கருதவேண்டும். நாடகத்தைப் பற்றிய நூல் வந்ததேயன்றி, நாடகங்கள் வரவில்லை. சோபக்ளிஸும் யூரிப்பிடிஸும் அரபில் பெயர்க்கப்படவில்லை. அரங்கில் நிகழ்ந்த ஒன்றைக் கண்டிராத ஒருவர், அதன் இலக்கணத்தை மட்டும் படித்து உணரமுயன்றால் எவ்வாறு உணர்வாரோ அவ்வாறே அவர்கள் உணர்ந்தனர். தடை விதிக்கப்பட்டதால் நேர்ந்த குறையன்று இது. ஏடுகள் கைக்கு எட்டாததால் நேர்ந்த குறை.

திரைக்குப் பின்னால் ஒரு விளக்கு

ஏட்டில் சொல் இல்லாதபோதும் தெருவில் கலை இருந்தது. ‘கயாலுள் ளில்’ எனப்பட்ட நிழற்கூத்து கெய்ரோ நகரில் செழித்திருந்தது. வெள்ளைத் திரைக்குப் பின்னால் விளக்கை ஏற்றி, தோலில் வெட்டிய உருவங்களைக் கோல்கொண்டு அசைத்து, பாடியும் பேசியும் நிகழ்த்துவது அது. நம் தோல்பாவைக் கூத்தைக் கண்டவர்களுக்கு இதனை விளக்கத் தேவையில்லை.

சுல்தான் ஸலாஹுத்தீன் ஐயூபி ஒருமுறை தம் அமைச்சர் அல்-காளி அல்-ஃபாளில் அவர்களுடன் இக்கூத்தைப் பார்க்க அமர்ந்த நிகழ்ச்சியைப் பழைய இலக்கியத் தொகுப்புகள் கூறுகின்றன. கூத்துத் தொடங்கியதும் அமைச்சர் எழுந்து செல்ல முற்பட்டார். இது விலக்கப்பட்டதெனில் நாமும் பார்க்கவேண்டா என்று சுல்தான் கூறவே, அவர் இறுதிவரை அமர்ந்தார். பின்னர் அவர் கருத்தைக் கேட்டபோது, அரசுகள் வருவதையும் போவதையும் கண்டதாகவும், திரை சுருட்டப்பட்டபோது அசைப்பவன் ஒருவனே என்பதை உணர்ந்ததாகவும், இது பெரியதோர் படிப்பினை என்றும் அவர் கூறினாராம். மார்க்கம் கற்ற ஒருவர் தயக்கத்தோடு அமர்ந்து சிந்தனையோடு எழுந்த காட்சி இது.

இக்கலைக்கு இலக்கியத் தகுதி தந்தவர் இப்னு தானியால். 1248இல் மோசூலில் பிறந்து, மங்கோலியர் படையெடுப்பால் அந்நகர் சீர்குலைந்தபின் கெய்ரோ வந்து சேர்ந்தவர். கண் மருத்துவம் அவர் தொழில். அவர் எழுதிய மூன்று நிழற்கூத்து நாடகங்கள் இன்றும் கிடைக்கின்றன. சுல்தான் பைபர்ஸ் மதுவையும் போதைப் பொருளையும் ஒழிக்கக் கடுமை காட்டிய காலத்தை முதல் நாடகம் எள்ளலுடன் காட்டுகிறது. ஏமாற்றப்பட்டு மணமுடித்த அதன் நாயகன் கடைசியில் மனம் வருந்தி ஹஜ்ஜுக்குப் புறப்படுகிறான். இரண்டாம் நாடகத்தில் சந்தைத் தெரு முழுவதும் திரையில் நடந்து செல்கிறது: பாம்பாட்டி, சோதிடன், கழைக்கூத்தாடி, போலி மருத்துவன் எனப் பலர். அக்கால கெய்ரோவின் எளிய மக்களை அவர்தம் பேச்சோடு அறிய விரும்பும் வரலாற்றாசிரியர் இன்றும் இந்நாடகத்தை நாடுகின்றனர்.

1517இல் உதுமானிய சுல்தான் ஸலீம் கெய்ரோவை வென்றபோது, கடைசி மம்லூக் சுல்தான் தூமான் பாய் ஸுவைலா வாயிலில் தூக்கிலிடப்பட்ட நிகழ்ச்சியை ஒரு கூத்தர் அவர்முன் நிழலாக ஆடிக் காட்டினார். மகிழ்ந்த சுல்தான் அவரைத் தம் தலைநகருக்கு அழைத்ததை வரலாற்றாசிரியர் இப்னு இயாஸ் பதிவு செய்துள்ளார். வென்றவர் முன் தோற்றவரின் மரணமே கூத்தாகும் வேகத்தை இதில் காண்கிறோம்.

பெய்ரூத்தின் வீட்டு முற்றம்

மனிதரே மேடையேறி நடிக்கும் ஐரோப்பிய முறை அரபுலகில் காலூன்றியது பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில். மாரூன் அந்-நக்காஷ் (1817–1855) என்னும் கிறித்தவ வணிகர் இத்தாலி சென்று அங்குள்ள அரங்குகளைக் கண்டு திரும்பினார். 1847இன் இறுதியில் பெய்ரூத்தில் தம் வீட்டிலேயே ‘அல்-பகீல்’ (கஞ்சன்) என்னும் நாடகத்தை நடத்தினார். மோலியரின் சாயலில் அமைந்த அந்நாடகத்தில் பாடல்கள் மிகுதி. அடுத்து அவர் மேடையேற்றியது ஆயிரத்தோர் இரவுக் கதைகளிலிருந்து எடுத்த ‘ஏமாளி அபுல் ஹஸன்’. ஒருநாள் கலீஃபாவாக இருக்க விரும்பிய மனிதனின் கதை அது.

எகிப்தில் கதீவ் இஸ்மாயில் 1869இல் கெய்ரோ இசைநாடக அரங்கைத் திறந்தார். ஆயின் அங்கு ஒலித்தது இத்தாலிய மொழி. மறு ஆண்டே யூத எழுத்தாளர் யஅகூப் ஸனூ மக்கள் பேசும் அரபில் நாடகங்களைத் தொடங்கினார். எகிப்தின் மோலியர் என்று அவரைப் பாராட்டிய கதீவின் காலத்திலேயே, 1872இல், அவருடைய அரங்கு மூடப்பட்டது. ஆட்சியாளரின் பாராட்டு ஈராண்டுகூடத் தாங்கவில்லை. 1878இல் அவர் நாட்டைவிட்டே வெளியேறிப் பாரிஸ் சேர்ந்தார்.

முதல் முயற்சியாளர் ஒரு கிறித்தவர். அடுத்தவர் ஒரு யூதர். இதைக் கண்டு, முஸ்லிம்கள் இதில் பங்குகொள்ளவில்லை என்று சொல்லிவிடுவது எளிது. டமாஸ்கஸ் நகரம் அவ்வாறு சொல்ல விடவில்லை.

அபூ கலீல் அல்-கப்பானி

டமாஸ்கஸில் 1833ஆம் ஆண்டளவில் ஒரு முஸ்லிம் குடும்பத்தில் பிறந்தவர் அஹ்மத் அபூ கலீல். சரக்குகளை நிறுக்கும் பெரிய தூக்குக்கோலுக்குக் ‘கப்பான்’ என்று பெயர். அதனை வைத்துத் தொழில் செய்தமையால் கப்பானி என்னும் பெயர் அவருடன் ஒட்டியது. இருபதாம் நூற்றாண்டின் புகழ்பெற்ற கவிஞர் நிஸார் கப்பானி (1923–1998) இக்குடும்பத்தைச் சேர்ந்தவரே. தம் பாட்டனாரின் உடன்பிறந்தவரான அபூ கலீலைக் கவிஞர் பெருமிதத்துடன் நினைவுகூர்ந்துள்ளார்.

அபூ கலீல் ஐரோப்பாவுக்குச் சென்று நாடகம் கற்றவர் அல்லர். அவர் கற்றது இசை. அலெப்போவைச் சேர்ந்த ஷெய்கு அஹ்மத் அகீல் அவர்களிடம் ‘முவஷ்ஷஹ்’ என்னும் அந்தலூசிய மரபுப் பாடல்களையும், ‘ஸமாஹ்’ என்னும் குழுநடனத்தையும் பயின்றார். எனவே அவர் அமைத்த நாடகம் பெய்ரூத் நாடகத்தினின்றும் வேறுபட்டது. நாடகாசிரியர், பாடலாசிரியர், இசையமைப்பாளர், பயிற்றுநர், நடிகர் ஆகிய அனைத்தும் அவரே. வசனம் எதுகை நயத்துடன் ஓடும். உணர்ச்சி மிகும் இடத்தில் பாடலாகும். பாடல் நடனமாக விரியும். கதைகளை ஆயிரத்தோர் இரவுகளிலிருந்தும் அந்தராவின் வீரகாதையிலிருந்தும் எடுத்துக்கொண்டார். டமாஸ்கஸ் மக்கள் காப்பிக் கடைகளில் கதைசொல்லிகளிடம் கேட்டுப் பழகிய கதைகள் அவை. கேட்ட கதையைக் கண்ணால் காணும் வியப்பே அவருடைய முதல் வெற்றி.

முதலில் நண்பர்கள் வீடுகளில் தொடங்கிய முயற்சி, 1870களில் பொது அரங்காக வளர்ந்தது. ஆட்சியாளர் ஆதரவும் கிடைத்தது. உதுமானியப் பேரரசின் 1876ஆம் ஆண்டு அரசியல் சட்டத்தை உருவாக்குவதில் முன்னின்ற மித்ஹத் பாஷா 1878இல் சிரியாவின் ஆளுநராக வந்தார். நாடகத்தை நாகரிகத்தின் அடையாளமாகக் கருதிய அவர் அபூ கலீலுக்குத் துணைநின்றார். மக்கள் திரண்டனர். பகலில் எடைபோட்ட மனிதர் இரவில் ஹாரூன் ரஷீதின் அவையை டமாஸ்கஸில் எழுப்பினார்.

முறையீடும் முடிவும்

எதிர்ப்பும் வளர்ந்தது. அதற்குத் தலைமை தாங்கியவர் ஷெய்கு ஸயீத் அல்-கப்ரா. பிற்கால நூல்கள் அவரை வெறும் கலை எதிரியாகச் சித்திரிக்கின்றன. வரலாறு எழுதுவோர் எதிர்த்தவரின் சொல்லையும் கேட்டல் வேண்டும். நாடகத்தில் பெண்வேடத்தை மீசை முளைக்காத சிறுவர்கள் தாங்கினர். அவர்கள் ஆடிப் பாடினர். தம் பிள்ளைகளை அங்கே காண எந்தத் தந்தைக்கும் தயக்கம் இருந்திருக்கும். தொழில் பயிலவேண்டிய இளைஞர் இரவெல்லாம் அரங்கில் கழிக்கின்றனர் என்னும் குறையும் எழுந்தது. இவற்றைப் பொருளற்றவை என ஒதுக்கிவிட முடியாது.

ஆயின் முறையீட்டில் இன்னொன்றும் இருந்தது. கலீஃபா ஹாரூன் ரஷீத் மேடையில் சாதாரண மனிதர்களால் நடிக்கப்பட்டு இழிவுபடுத்தப்படுகிறார் என்பதே அது. ‘ஹாரூன் ரஷீதும் கானிம் பின் ஐயூபும் கூத்துல் குலூபும்’ என்னும் நாடகத்தில், கலீஃபாவின் அரண்மனைப் பெண்ணொருத்தி பெட்டியில் வைத்துப் புதைக்கப்படுகிறாள். அவளைக் காப்பாற்றிய வணிக இளைஞன் கலீஃபாவின் சினத்துக்கு ஆளாகிறான். சினத்தால் தவறிழைத்து, பின்னர் அதனை உணரும் கலீஃபாவை மக்கள் கூடியிருந்து பார்க்கின்றனர்.

இம்முறையீடு சென்றடைந்த இடத்தையும் காலத்தையும் கவனித்தல் வேண்டும். இஸ்தான்புலில் அரியணையில் இருந்தவர் சுல்தான் இரண்டாம் அப்துல் ஹமீத். 1878இல் நாடாளுமன்றத்தை நிறுத்திவைத்த அவர், கலீஃபா என்னும் தம் தகுதியை முன்னெப்போதையும்விட அழுத்தமாக வலியுறுத்தி வந்தார். அபூ கலீலின் புரவலரான மித்ஹத் பாஷா 1880இல் டமாஸ்கஸிலிருந்து மாற்றப்பட்டு, மறு ஆண்டு விசாரணைக்குள்ளாகி, தாயிஃபுக்கு நாடுகடத்தப்பட்டுச் சிறையிலேயே கொல்லப்பட்டார். மேடையில் ஒரு கலீஃபா தவறு செய்து வருந்துவதை அந்த வேளையில் அரண்மனை விரும்பியிருக்க முடியாது. மார்க்கக் கவலையும் ஆட்சிக் கவலையும் ஒரே மனுவில் சேர்ந்தன. எது எவ்வளவு என்று இன்று பிரித்துச் சொல்வது அரிது. எனினும் ஆணை பிறப்பித்தது ஷெய்கின் பள்ளிவாயில் அன்று, சுல்தானின் அரசு என்பதை மறத்தலாகாது.

அரங்கு மூடப்பட்டது. தெருப்பிள்ளைகள் அபூ கலீலைக் கேலிப்பாட்டுப் பாடித் துரத்தியதாக நினைவுக் குறிப்புகள் கூறுகின்றன. நேற்று அவர் பாடலை முணுமுணுத்த தெருக்கள்தாம் அவை. அரங்குக்காகத் தம் பொருளைச் செலவிட்ட ஒரு வணிகருக்கு, சொந்த ஊரின் எள்ளல் எத்தகைய சுமையாக இருந்திருக்கும் என்பதை எண்ணிப் பார்க்கலாம்.

மிஸ்ரில் மறுபிறப்பு

1884இல் அபூ கலீல் தம் குழுவினருடன் அலெக்சாந்திரியா வந்திறங்கினார். சிரியாவிலிருந்து சென்ற அரபு இதழாளர்கள் அங்கு ஏற்கனவே இருந்தனர். அவர்களது ‘அல்-அஹ்ராம்’ இதழ் அப்போது அந்நகரிலிருந்தே வெளிவந்தது. புதிய குழுவின் வருகை வரவேற்கப்பட்டது. அலெக்சாந்திரியாவிலும் கெய்ரோவிலும் மட்டுமன்றி, நைல் நதிக்கரையின் மாவட்ட நகரங்களிலும் அவர் நாடகங்கள் நடந்தன. டமாஸ்கஸில் மறுக்கப்பட்ட ஹாரூன் ரஷீத் எகிப்தில் ஒன்றரைப் பத்தாண்டுக்கு மேல் மேடையில் நின்றார்.

அவருடைய செல்வாக்கு நாடகத்தோடு நிற்கவில்லை. அவரிடம் பயின்ற காமில் அல்-குலஈ பிற்காலத்தில் கீழை இசை பற்றிய நூலெழுதிய இசையறிஞர். எகிப்திய இசைநாடகத்தின் பேரொளியாக விளங்கிய ஷெய்கு ஸலாமா ஹிஜாஸி (1852–1917) இதே வழியில் நடந்தவர். அவர் அலெக்சாந்திரியாவில் திருக்குர்ஆன் ஓதுபவராகவும் பாங்கு சொல்பவராகவும் வாழ்வைத் தொடங்கியவர். பள்ளிவாயிலில் பண்பட்ட குரல் அரங்குக்கு வந்தபோது, ‘ஷெய்கு’ என்னும் அடைமொழியும் உடன்வந்தது. 1905இல் தம் பெயரில் தனிக்குழு அமைத்தபோதும் மக்கள் அவரை அவ்வாறே அழைத்தனர்.

1900இல் கெய்ரோவின் அதபா பகுதியிலிருந்த அபூ கலீலின் அரங்கு தீக்கிரையாயிற்று. எழுபதை நெருங்கிய வயதில் இரண்டாம் முறையாக அனைத்தையும் இழந்த அவர் டமாஸ்கஸ் திரும்பினார். சில ஆண்டுகளில், தாம் பிறந்த அந்நகரிலேயே கண்மூடினார்.

எல்லைக்கோடுகள்

அதன்பின் அரபு நாடகம் வளர்ந்த கதை விரிவானது. ஆயினும் இக்கட்டுரையின் வினாவோடு தொடர்புடைய சிலவற்றைக் கூறலாம். 1926இல் எகிப்தின் முன்னணி நடிகர் யூசுஃப் வஹ்பி, நபிகள் நாயகம் (ஸல்) அவர்களைச் சித்திரிக்கும் திரைப்படம் ஒன்றில் நடிக்க இசைந்தபோது, அல்-அஸ்ஹர் கடுமையாக எதிர்த்தது, மன்னர் ஃபுஆதும் கண்டித்தார், நடிகர் விலகினார். அக்கோடு அன்றுமுதல் உறுதியாக வரையப்பட்டது. அண்ணலாரையும் மூத்த தோழர்களையும் நடிப்பில் காட்டலாகாது என்பதை அரபு நாடகாசிரியர் பெரும்பாலோர் ஏற்றுக்கொண்டே எழுதினர். அந்த எல்லைக்குள் நின்று அவர்கள் செய்தவை சிறியன அல்ல.

தவ்ஃபீக் அல்-ஹகீம் (1898–1987) 1933இல் வெளியிட்ட ‘குகைவாசிகள்’ நாடகம், திருக்குர்ஆனின் 18ஆம் அத்தியாயம் கூறும் வரலாற்றை அடியொற்றியது. நூற்றாண்டுகள் உறங்கி எழுந்த மனிதர்கள் புதிய காலத்தோடு போராடும் நாடகம் அது. 1935இல் எகிப்தின் தேசிய நாடகக் குழு தொடங்கப்பட்டபோது, ஸகீ துலைமாத் இயக்கத்தில் முதலில் மேடையேறியது இதுவே. அண்ணலாரின் வாழ்வை அவர் 1936இல் உரையாடல் வடிவிலேயே எழுதினார். ஆனால் மேடைக்கென்று அன்று, படிப்பதற்கென்று.

அலீ அஹ்மத் பாகஸீர் (1910–1969) மற்றொருவர். இந்தோனேசியாவின் சுரபாயாவில் பிறந்து, நம் கடற்கரை ஊர்களுக்கு நன்கறிமுகமான ஹள்ரமௌத் மண்ணில் வளர்ந்து, 1934இல் எகிப்து சென்றவர். ஷேக்ஸ்பியரின் ‘ரோமியோ ஜூலியட்’டை யாப்புத் தளையினின்றும் விடுவித்து மொழிபெயர்த்த அவரே, கலீஃபா உமர் (ரலி) அவர்களின் காலத்தைப் பல பகுதிகளாக விரியும் நாடகப் பெருங்காப்பியமாக எழுதினார். மார்க்கப் பற்றும் நாடகப் பற்றும் ஒரே நெஞ்சில் வாழவியலும் என்பதற்கு அவர் எடுத்துக்காட்டு.

மீண்டும் டமாஸ்கஸில்

அபூ கலீலை அவருடைய ஊர் மறக்கவில்லை. சிரியாவின் நாடகமேதை ஸஅதுல்லாஹ் வன்னூஸ் (1941–1997) 1973இல் ‘அபூ கலீல் அல்-கப்பானியுடன் ஒரு மாலை’ என்னும் நாடகத்தை எழுதினார். அதன் அமைப்பு ஆழ்ந்த சிந்தனைக்குரியது. மேடையில் கானிம் பின் ஐயூபின் கதை மீண்டும் நடிக்கப்படுகிறது. அதனூடே, அதே நாடகத்தை நடத்தியமைக்காக அபூ கலீல் பட்ட பாடுகளும் காட்சிகளாக வருகின்றன. சுல்தானின் ஆணையால் நிறுத்தப்பட்ட நாடகம், நிறுத்தப்பட்ட வரலாற்றோடு சேர்த்தே நடந்து முடிகிறது.

1992இல் புற்றுநோய்க்கு ஆளான வன்னூஸ், நோயின் நடுவே தம் முதிர்ந்த நாடகங்களை எழுதினார். 1996 மார்ச் 27இல் உலக நாடக நாளுக்கான செய்தியை வழங்கும் பொறுப்பு அவருக்குக் கிட்டியது. அரபு நாடகாசிரியர் ஒருவருக்கு இப்பெருமை கிடைத்தது அதுவே முதன்முறை. மனிதர் ஒன்றுகூடிப் பேசுவதற்கான பசியைப் பற்றியும், அதனை நாடகம் எவ்வாறு தணிக்கவல்லது என்பதைப் பற்றியும் அவர் அச்செய்தியில் பேசினார். நம்பிக்கையைக் கைவிடும் உரிமை நமக்கில்லை என்பதே அவர் சொல்லின் சாரம். அடுத்த ஆண்டு அவர் மறைந்தார்.

இவ்வரலாறு நமக்குணர்த்துவது யாது? கலை அனைத்தும் கூடும் என்றோ, கூடாது என்றோ தீர்ப்பளிக்க வரலாறு முன்வருவதில்லை. அது மார்க்க அறிஞர்தம் பணி. ஆனால் ஒன்றை அது திட்டமாகக் காட்டுகிறது. அல்-காளி அல்-ஃபாளில் இறுதிவரை அமர்ந்து பார்த்தபின் கருத்துரைத்தார். அஸ்ஹரின் அறிஞர் ஒரு கோட்டை வரைந்தனர், அதற்கப்பால் நாடகம் வளர்ந்தது. டமாஸ்கஸிலோ சிறுவர் ஆடுவதைத் தடுக்கவேண்டுமென்ற நியாயமான கவலைக்கு, அரங்கையே மூடுவது விடையாயிற்று. விளைவாக நாடகம் அழியவில்லை, ஊர் மாறியது. கெய்ரோ பெற்றதை டமாஸ்கஸ் இழந்தது. அவ்விழப்பை உணர அந்நகருக்கு ஏறக்குறைய ஒரு நூற்றாண்டு தேவைப்பட்டது.

இன்று டமாஸ்கஸில் ஒரு நாடக அரங்கு அல்-கப்பானியின் பெயரைத் தாங்கி நிற்கிறது. அவரை ஊரைவிட்டு அனுப்பிய ஆணையில் ஒப்பமிட்ட அதிகாரிகளின் பெயர்களைத் தேடி நூலகங்களுக்குச் செல்லவேண்டும். தூக்குக்கோல்காரரின் பெயரோ தெருவில் நடப்பவரும் படிக்கும்படி வாயிலிலேயே எழுதப்பட்டுள்ளது.